பச்சை நாடா ஒட்டிய பானை

தம்பி,

அன்றைக்கு அங்கே இருந்தவர்களின் பெயரை முதலில் எழுதிவிடுகிறேன். பிறகு யாரும் வந்து, நானும் இருந்தேன், நானும் கண்டேன் என்று கதை விடக் கூடாது. யூதக் கோயிலின் கீழ் மண்டபத்தில், அந்த நீள மேசையைச் சுற்றி இருந்தவர்கள் ஏழு பேர். எங்களுக்குப் பிரெஞ்சு படிப்பித்த ரபாய் ஏலி. யூதர்கள் தங்கள் குருவை அப்படித்தான் சொல்வார்கள், எங்களுக்கு அவர் மாஸ்டர். அவருடைய மனைவி மிரியம். என்னோடு சோடியாக இருந்து படித்த சரசு. சரசுவின் மகள் வதனி, அப்போது பத்து வயது. உன் அப்பா. நீ, உனக்கும் பத்து. ஏழாவது ஆள் நான். மேசை நடுவில் ஒரு பானை இருந்தது.

செவ்வாய்க்கிழமை நீ புரோசார்டில் இருந்து ரெலிபோன் எடுத்துச் சொன்னாய்: "அம்மா, வாற ஞாயிறு மாஸ்டர் செத்து முப்பதாம் நாள். கோயில்ல கூட்டம் வைக்கினம். என்னையும் கதைக்கக் கேட்டிருக்கினம். நான் உங்கட பானைக் கதையைத்தான் சொல்லப் போறன். ஒரு சைவ மனுசியின்ர விரதத்துக்காகத் தன்ர கோயில் குசினியில தனிப் பானை வைச்ச மனுசன் எண்டு." உன் குரலில் எவ்வளவு சந்தோஷம். "பேந்து கதைப்பம் தம்பி" என்று நான் வைத்துவிட்டேன். அதிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. ரெலிபோனில் சொன்னால் நீ இடையில் மறிப்பாய், நான் அழுவேன், கதை திசைமாறிப் போகும். அதனால்தான் எழுதுகிறேன். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். எழுத்தில் பிழை இருக்கும். ஞாபகத்தில் இருக்காது. உன் கலியாணத்தில் உன் பெரியத்தை என்னோடு ஒரு சொல் கதைக்காமல் முதல் பந்தியில் போய் இருந்ததும், எந்தச் சேலையோடு இருந்தா என்பதும் எனக்கு இன்றைக்கும் தெரியும். அவவோடு நான் இன்னும் கதைப்பதில்லை. அப்படிப்பட்டவள், என் பிழையை மட்டும் இத்தனை வருஷம் மறந்தவள்போல் இருந்திருக்கிறேன்.

மாஸ்டரைப் பற்றிச் சொல்வதற்கு உனக்கு வேறு எவ்வளவோ இருக்கிறது. அகதியாக வந்த ஒருவரைத் திருப்பி அனுப்பப் போகிறார்கள் என்றால், குடிவரவு அலுவலக வாசலில் மட்டையில் எழுதிப் பிடித்துக்கொண்டு நிற்பார். தொப்பியில் பனி ஒரு சாண் ஏறியிருக்கும், தட்டிவிட மாட்டார். ஒருமுறை கையில் விலங்கு போட்டுக் கொண்டுபோனார்கள். அடுத்த நாள் காலை வகுப்புக்கு நேரத்துக்கு வந்து, கரும்பலகையில் "பிடிப்பது" என்ற வினைச்சொல்லை எழுதி, "நேற்று என்னைப் பிடித்தார்கள், இன்று உங்களைப் பிடித்திருக்கிறேன்" என்று பிரெஞ்சில் சொல்லிச் சிரித்தவர். சனிக்கிழமையில் வாகனம் ஏறக் கூடாது என்பது அவர்களுடைய சட்டம். உனக்கு நிமோனியா வந்து ஆஸ்பத்திரியில் கிடந்த சனிக்கிழமை, அந்தக் குளிரில் நடந்தே வந்து உன் கட்டிலடியில் இருந்துவிட்டு நடந்தே திரும்பிப் போனவர். தையல் தொழிற்சாலை ஒன்றில் வேலை நேரம் வீணாகிறது என்று முதலாளி கக்கூசுக் கதவைப் பூட்டி வைத்தான். அவன் மாஸ்டரின் கோயிலில் முன்வரிசையில் இருந்து கும்பிடுகிறவன். தெரிந்துகொண்டுதான் மாஸ்டர் அங்கே வேலை செய்த பெண்களோடு போய் வாசலில் நின்றார். அதற்குப் பிறகு அவருடைய கோயிலில் பல கதிரைகள் வெறுமையாய்ப் போயின. கவலைப்பட்டாரோ தெரியாது. எங்களுக்குக் காட்டவில்லை. அப்படிப்பட்ட மனிதரின் கையாலேயே நான் ஒரு வேலை செய்வித்தேன். அதைத்தான் நீ பெருமை என்று நினைத்து மேடையில் சொல்லப் போகிறாய்.

அவருடைய வகுப்பில் எவரும் தனியாக இருந்து படிக்க முடியாது. இரண்டு இரண்டு பேராகத்தான். ஒருவர் வாசிக்க மற்றவர் கேள்வி கேட்க வேண்டும், தர்க்கப்பட வேண்டும். வருஷம் முழுவதும் அதே சோடி. அவர்களுடைய வேதத்தையே அப்படித்தான் படிப்பார்களாம். எனக்குச் சோடியாக வந்தவள் சரசு. என்னைவிட நாலைந்து வயது இளையவள், ஊரில் ஏ-லெவல் வரைக்கும் படித்தவள், கையெழுத்து முத்துமுத்தாய் இருக்கும். எனக்கு எழுத்துக் கூட்டவே தடுமாற்றம். அவள் பொறுமையாக விரலால் தொட்டுத் தொட்டுக் காட்டுவாள். "அக்கா, அவசரப்படாதேங்கோ, அந்தக் கடைசி எழுத்து வாயில வராது, கண்ணுக்கு மட்டும்தான்." இரண்டு கிழமை எங்களுக்குள் ஒரு குறையும் இல்லை. மூன்றாம் கிழமை, எங்கள் ஊர் ஆட்கள் யாரைக் கண்டாலும் கேட்கிற அந்தக் கேள்வியை நான் கேட்டேன். "நீங்கள் எவடம்?" சொன்னாள். எங்கள் ஊருக்கு அடுத்த ஊர். அதோடு விட்டிருக்கலாம். "எந்தக் கோயிலடி?" என்றேன். அவள் என்னை ஒருமுறை பார்த்துவிட்டு, ஒளிக்காமல் சொன்னாள். எனக்கு விளங்கிவிட்டது. எங்கள் ஆட்கள் தண்ணீர் வாங்கிக் குடிக்காத சாதி. எங்கள் கிணற்றில் வாளி வைக்க விடாத சாதி. அந்தச் சொல்லை எழுத இப்போது என் கை கூசுகிறது. அன்றைக்கு நினைக்கக் கூசவில்லை. ஆனாலும் அவளோடு சேர்ந்து படிப்பதை நான் நிறுத்தவில்லை. புத்தகத்துக்குத் தீட்டில்லை, சோற்றுக்குத்தான் என்று எனக்கு நானே சட்டம் போட்டுக்கொண்டேன்.

சோறு வெள்ளிக்கிழமை வந்தது. வெள்ளி மத்தியானம் எல்லோரும் சேர்ந்து சாப்பிட்டுத்தான் வகுப்பு முடியும். வெளியிலிருந்து சமைத்த சாப்பாடு அந்தக் கோயில் குசினிக்குள் வரக் கூடாது, அங்கேயே, அவர்களுடைய பாத்திரத்திலேயே சமைக்க வேண்டும். இறைச்சிப் பாத்திரம் வேறு, பால் பாத்திரம் வேறு. ஒன்றில் சிவப்பு நாடா, மற்றதில் நீல நாடா. கீரையை மிரியம் வெளிச்சத்தில் பிடித்து இலை இலையாகப் பூச்சி பார்ப்பார். அடுப்பை எங்களில் ஒருவரும் பற்ற வைக்கக் கூடாது. மிரியம் பற்ற வைத்தால்தான் மாஸ்டர் அதைச் சாப்பிடலாம். இதையெல்லாம் நான் வாயைப் பிளந்துகொண்டு பார்த்தேன். அந்த வெள்ளிக்கிழமை சோறு வடித்தவள் சரசு. நான் வயிற்றுக்குத்து என்று சொல்லிச் சாப்பிடவில்லை. அடுத்த வெள்ளி தலையிடி. மூன்றாம் வெள்ளி மாஸ்டர் என்னிடம் வந்து ஏன் சாப்பிடுவதில்லை என்று கேட்டார். பள்ளிக்கூட விடுமுறை, நீ பக்கத்தில் நின்றாய். உன்னைக் கூப்பிட்டு மொழிபெயர்க்கச் சொன்னேன்.

"தம்பி, அம்மாவுக்கு வெள்ளிக்கிழமை விரதமெண்டு சொல்லு." அது உண்மைதான். வாலில் பொய்யைக் கட்டினேன். "விரதச் சோறு தனிப் பானையில வடிக்கோணும் எண்டு சொல்லு. சமைக்கிற ஆளும் எங்கட முறையில உள்ள ஆளா இருக்கோணும், வேற ஆள் தொடக்குடாது எண்டு சொல்லு." மிரியம் அடுப்புப் பற்ற வைத்ததைப் பார்த்துத்தான் எனக்கு அந்தப் புத்தி வந்தது. அவர்களுடைய பக்தியைப் பார்த்துக் களவாக வெட்டி எடுத்த பொய். நீ ஒரு சொல் விடாமல் சொன்னாய். நீ கெட்டிக்காரன். மாஸ்டரின் முகம் மலர்ந்துவிட்டது. எங்களுக்கும் அப்படி ஒன்று இருக்கிறது என்று மிரியத்தைப் பார்த்துச் சொன்னார். இத்தனை நாள் உன்னைப் பட்டினி போட்டுவிட்டேனே என்று என்னிடம் மன்னிப்பும் கேட்டார், தம்பி.

அடுத்த வெள்ளி புதுப் பானை ஒன்று வாங்கி வந்திருந்தார். சுவரில் அதற்கென்று தனித் தட்டு, தன் கையாலேயே ஆணி அடித்துப் பொருத்தியது. பானையில் பச்சை நாடா. அதில் என் பெயரைத் தமிழில் எழுத வேண்டும் என்று அவருக்கு ஆசை. வகுப்பில் நல்ல கையெழுத்து யாருக்கு என்று அவருக்குத் தெரியும். பேனையைக் கொண்டுபோய்ச் சரசுவிடம் கொடுத்தார். அவள் பானையைப் பார்த்தாள், தட்டைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். நான் கீரைக்குள் பூச்சி தேடுவதுபோல் குனிந்துகொண்டேன். அவள் என் பெயரை முத்துமுத்தாய் எழுதினாள், ஒரு எழுத்தும் பிழையில்லாமல். அதற்குப் பிறகு அவள் அந்த வகுப்புக்கு வரவேயில்லை.

மாஸ்டரும் தெரிந்தேதான் அந்தப் பானையை வைத்தார் என்று அவள் நினைத்துவிட்டாள். கனடாவில் ஒரு வெள்ளைக்கார மனிதர் முதன்முதலாகக் கதிரை இழுத்துப்போட்டு இரு என்று சொன்ன இடம். அங்கேயும் தட்டு வேறு, பானை வேறு என்றால் யார் நிற்பார்கள்? அவளுடைய அகதி விசாரணை இரண்டு மாதத்தில் வந்தது. மாஸ்டர் தன்னிடம் படித்த எவரையும் விசாரணைக்குத் தனியே போக விட்டதில்லை. சரசு அவரிடம் சொல்லாமல், வதனியைக் கையில் பிடித்துக்கொண்டு தனியே போனாள். வழக்கை மறுத்துவிட்டார்கள். செய்தி கேள்விப்பட்டு மாஸ்டர் அவள் வீட்டுக்கு ஓடினார், ஏன் என்னிடம் வரவில்லை என்று கேட்டார். அவள் தான் படித்த பிரெஞ்சிலேயே அந்தப் பானையைப் பற்றி நேரே சொல்லிவிட்டாள். அடுத்த நாள் எங்கள் இரண்டு வீட்டையும் கூப்பிட்டு இருத்தினார்; அதுதான் நான் முதலில் சொன்ன அந்த நாள்.

பானை மேசையில் இருந்தது. மாஸ்டர் சத்தம் போடவில்லை. என்னைப் பார்த்து மெதுவாகக் கேட்டார், நீ மொழிபெயர்த்தாய். "அம்மா, இந்த நாடாவைத் தன்ர கையால ஒட்டினவராம். அதால தனக்குத் தெரிய வேணுமாம். இந்தப் பானை உங்கட சாமிக்காகவோ, சரசு அன்ரிக்காகவோ எண்டு கேக்கிறார்." உனக்கு அந்தக் கேள்வி விளங்கவில்லை என்பது உன் முகத்தில் தெரிந்தது. எனக்கு விளங்கியது. தம்பி, இதை நீ நம்ப வேண்டும்: நான் வாய் திறந்தேன். அவர் கண்ணைப் பார்த்துப் பொய் சொல்ல எனக்குப் பலம் இருக்கவில்லை. சொல்லியே இருப்பேன். மேசைக்குக் கீழே உன் அப்பா தன் சப்பாத்தால் என் காலை அழுத்தினார். "ரிலிஜன், மாஸ்டர்" என்றார். "எங்கட ரிலிஜன். ஓம், ரிலிஜன்." நான் வாயை மூடிக்கொண்டேன். மூடியதும் உடம்பெல்லாம் ஒரு ஆறுதல் பரவியதே, அதுதான் எனக்கு இன்றைக்கும் பெரிய வெட்கம்.

சரசு சிரித்தாள். "சமயமெண்டே சொல்லுங்கோ அண்ணை. அதே சமயத்திலதான் நானும் இருக்கிறன். அதே முருகனைத்தான் நானும் கும்பிடுறன்." மாஸ்டர் உடனே உன் பக்கம் திரும்பினார், என்ன சொல்கிறாள் என்று. நீ என்னைப் பார்த்தாய். "ஒண்டுமில்லையெண்டு சொல்லு தம்பி" என்றேன். நீ "ரியான்" என்றாய். வதனி உன்னைப் பார்த்த பார்வை எனக்கு ஞாபகம். அவளுக்கும் பிரெஞ்சு தெரியும், அவளும் வாய் திறக்கவில்லை. என் பொய்யை நான் உன் வாயில் வைத்தேன். பத்து வயதுப் பிள்ளையின் வாயில். அதற்கு நான் உன்னிடம் மன்னிப்புக் கேட்கிறேன். உனக்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள், அவர்களை யாருக்கும் இடையில் நிறுத்தி மொழிபெயர்க்க வைக்காதே. சொல்ல வேண்டியதை உனக்குத் தெரிந்த உடைந்த பாஷையில் நீயே சொல்.

மாஸ்டருக்கு மொழிபெயர்ப்புத் தேவைப்படவில்லை. சரசுவின் முகத்தைப் பார்த்தார், நாடாவை உரித்தார், பானையைக் கொண்டுபோய் மற்றப் பானைகளோடு வைத்தார். என்னை வகுப்பால் நிறுத்தவில்லை. சரசு இருந்த கதிரையில் அன்றிலிருந்து தானே இருந்து எனக்குச் சோடியாகப் படிப்பித்தார். அதைவிட நிறுத்தியிருக்கலாம். தன் கை செய்த பிழைக்கு மன்னிப்புக் கேட்டுச் சரசுவின் வீட்டுக்கு மூன்று முறை போனார் என்பது மிரியம் சொல்லித்தான் எனக்குத் தெரியும். முதல் இரண்டு முறையும் அவள் கதவு திறக்கவில்லை. மூன்றாம் முறை உள்ளே விட்டு, கண்ணாடிக் கிளாசில் வெறும் தேத்தண்ணீர் கொடுத்தாள். குடித்தார். அவளுடைய வழக்குக்காக ஒன்றரை வருஷம் அலைந்து அவளை இந்த நாட்டில் நிற்க வைத்தார். ஆனால் அந்த ஒன்றரை வருஷத்துக்குள், மகள் இங்கே ஸ்பொன்சர் செய்து கூப்பிடுவாள் என்று காத்திருந்த சரசுவின் தாய் வவுனியாவில் ஒரு முகாமில் கண்ணை மூடிவிட்டா. சரசு தாயின் முகம் பார்க்கவில்லை. வழக்கு முதல் முறையே வென்றிருந்தால் பார்த்திருப்பாள். இதை நான் எப்படிச் சுற்றி எழுதினாலும் அந்தப் பானையில்தான் வந்து முட்டுகிறது.

உன் அப்பா இறந்து ஒரு வருஷத்துக்குப் பிறகு நான் மாஸ்டரின் வீட்டுக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் படிப்பித்த பிரெஞ்சிலேயே சொன்னேன். அவர் முழுவதையும் கேட்டார். எனக்குத் தெரியும் என்றார். நீ எனக்குச் செய்ததை நான் எப்போதோ விட்டுவிட்டேன், சரசுவுக்குச் செய்ததை மன்னிக்க எனக்கு உரிமை இல்லை, கடவுளுக்குக்கூட இல்லை, அவளிடம் போ, அவள் மாட்டேன் என்றால் மூன்று முறை போ என்றார். எனக்குக் கோபம் வந்துவிட்டது. ஊரில் என்றால் ஐயரிடம் ஒரு அர்ச்சனைத் தட்டோடு முடிகிற அலுவல். இந்த மனிதர் என்னைச் சரசு இருக்கிற லொங்குய்ய்க்கு அனுப்புகிறாரே என்று. அன்றிலிருந்து நான் அவர் வாசல் மிதிக்கவில்லை. படுக்கையில் விழுந்துவிட்டார் என்று மிரியம் ரெலிபோன் எடுத்தபோது எனக்குத் தடிமன், இருமல் என்றேன். சவ அடக்கத்துக்கு நான் வராததற்கு முழங்கால் நோ என்று நீ எல்லோருக்கும் சொன்னாயாம். முழங்காலில் ஒன்றும் இல்லை. மன்னிப்பைத் தராமல் என்னை வேலைக்கு அனுப்பிய மனிதர்மேல், செத்த பிறகும் கோபத்தைப் பிடித்துக்கொண்டு வீட்டில் இருந்தேன்.

நேற்றுத்தான் லொங்குய்ய்க்குப் போனேன். மஞ்சள் வழி மெத்ரோ ரயிலில், ஆற்றுக்கு அடியால், தனியே. சரசு வீட்டில் பிள்ளை பராமரிப்பு நடத்துகிறாள்; வாசலில் சின்னச் சின்னச் சப்பாத்துகள் வரிசையாக இருந்தன. கதவைத் திறந்தாள். தலை முழுவதும் நரைத்துவிட்டது. என்னைக் கண்டதும் யாரென்று மட்டுக்கட்டிவிட்டாள்.

"பானையையும் கொண்டு வந்தனிங்களோ அக்கா?"

"இல்லைச் சரசு. பிழை என்ர. சமயமுமில்லை ஒண்டுமில்லை. அதைச் சொல்லத்தான் வந்தனான்."

அவள் கதவுப் பிடியிலிருந்து கையை எடுக்கவில்லை. "ஒரு மிடறு தண்ணி தாவன்" என்றேன்.

"குடிச்சுக் காட்ட வந்தனிங்களோ? மெத்ரோவடியில பைப்பு இருக்கு. பிள்ளையள் நித்திரை. பாத்துப் போங்கோ, படி சறுக்கும்."

கதவை அறையவில்லை, மெதுவாகத்தான் சாத்தினாள். வரும் வழியில் யோசித்தேன். அவள் சரி. அவள் கையால் ஒரு மிடறு குடித்துவிட்டால் என் கணக்குத் தீர்ந்துவிடும் என்றுதான் நான் கேட்டிருக்கிறேன். அதுவும் எனக்காகத்தான். மூன்றில் ஒரு முறை முடிந்தது. இன்னும் இரண்டு முறை போவேன்.

ஞாயிற்றுக்கிழமை சரசு அங்கே வருவாள், வதனியும் வருவாள் என்று மிரியம் சொல்கிறா. அவர்கள் முன்னால் நீ பானையைப் புகழ்ந்து கதைத்தால், அவளை இரண்டாம் முறையும் அந்த நாடாவில் எழுத வைத்தது போலாகும். இன்றைக்கே வதனிக்கு எடு. கதையை உள்ளபடி சொல்லலாமா என்று தாயிடம் கேட்கச் சொல். சரசு வேண்டாம் என்றால் பானை என்ற சொல்லே உன் வாயில் வரக் கூடாது. தொழிற்சாலைக் கதையைச் சொல், நீ கிடந்த ஆஸ்பத்திரிக் கதையைச் சொல். சொல்லலாம் என்றால் என் பெயரைச் சொல்லிச் சொல். நான் முன்வரிசையில் இருப்பேன். எனக்காகச் சொற்களை மெதுவாக்காதே, எனக்குப் பிரெஞ்சு விளங்கும்.

மாஸ்டரின் சட்டப்படி, பிழை யாருக்கு நடந்ததோ அவர்தான் மன்னிக்கலாம். என்னை மன்னிப்பதும் விடுவதும் சரசுவின் கையில். அதை நான் தொட மாட்டேன். ஆனால் எனக்கு நடந்த ஒரு பிழை என் கையில் இருக்கிறது. உன் அப்பா ஊரில் மேடையேறிச் சமத்துவம் பேசியவர். கோயில் கதவை எல்லோருக்கும் திறக்கச் சொல்லிக் கூட்டத்தோடு போய் நின்று நெற்றியில் கல்லெறி வாங்கியவர். எனக்குத் தெரியாதது அவருக்குத் தெரியும். தெரிந்தும் என் காலை அழுத்தினார். வீட்டுக்கு வந்து ஏன் என்று கேட்டேன். "உன்ர மானத்தைக் காப்பாத்தினன்" என்றார். அதன் பிறகு போகிற வீடெல்லாம், இருக்கிற கொண்டாட்டமெல்லாம், "என்ர மனுசியின்ர விரதத்துக்கு மாஸ்டர் தனிப் பானை வைச்சவர்" என்று சொல்லிச் சொல்லி, கடைசியில் அங்கே இருந்த உன்னையே அதை நம்ப வைத்துவிட்டார். உண்மை சொல்ல வேண்டிய நேரத்தில் ஒரேயொருமுறை நான் வாய் திறந்தேன், அதை அவர் மிதித்தார். வருஷம் தவறாமல் அவருக்குத் திவசம் செய்கிறேன், அவருக்கு விருப்பமான கத்தரிக்காய்க் குழம்பு வைத்துப் படைக்கிறேன். இனியும் செய்வேன், அது கடமை. கழுத்தில் தாலி ஏறிய நாளிலிருந்து அவர் பெயரை நான் வாயால் சொன்னதில்லை. எயார்போட்டில் அதிகாரி கேட்டபோதும் உன்னைத்தான் சொல்ல வைத்தேன். இப்போது என் கையால் எழுதுகிறேன். நான் மன்னிக்காத ஆள், கந்தையா ஞானசேகரம்.